முதல் மேசையில் ஒலித்த போன்

கிராண்ட்மாஸ்டர் ஒருவர் ரம்புக்கனை ஸ்டேஷனில் இரண்டாம் வகுப்புப் பெட்டியிலிருந்து, முதுகில் ஒரு பையும் கையில் ஒரு சின்ன ரைஸ் குக்கருமாக இறங்குவார் என்று நான் நினைத்திருக்கவில்லை. கோட்டுப் போட்ட ஒருவரைத் தேடிக்கொண்டு பிளாட்பாரத்தில் அவரை இரண்டு தடவை கடந்து போனேன். கடைசியில் என் கையில் இருந்த ஃபைலில் குதிரைப் படத்தைப் பார்த்துவிட்டு அவர்தான் வந்து கேட்டார்.

"செஸ் டோர்னமெண்ட்டுங்களா மேடம்?"

இலங்கையில், ரம்புக்கனைக்குப் பக்கத்து ஊரான கேகாலையில் ஐந்து நாள் போட்டி. நடுவர் குழுவில் தமிழ் தெரிந்தவள் நான் ஒருத்தி. வருகிறவர் தமிழ்நாட்டுக்காரர் என்பதால் தலைமை நடுவர் என்னை அனுப்பியிருந்தார். நான் தெரணியகலைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டப் பள்ளிக்கூடத்தில் கணிதம் படிப்பிக்கிறேன். செஸ் எனக்கு ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில், ஹாஸ்டலில் பழகியது. நன்றாக ஆட வராது என்பது இரண்டே வருடத்தில் தெரிந்துபோனது. ஆனால் அதன் விதிகள் பிடித்திருந்தன. நடுவர் பரீட்சையைச் சிங்களத்தில் எழுதிப் பாஸ் பண்ணினேன். அதற்குப் பிறகு இரத்தினபுரியோ கொடகவெலவோ, லீவு நாளில் எங்கே போட்டி நடந்தாலும் பஸ் ஏறிவிடுவேன். "மத்தவங்க வெளையாடுறத பாக்குறதுக்கு இம்புட்டு தூரமா?" என்று அம்மா இன்றைக்கும் கேட்பார்.

திரீவீலரில் போகும்போது குக்கரை அவர் மடியிலேயே வைத்திருந்தார்.

"ஹோட்டல்ல சாப்பாடு குடுப்பாங்க சார். குக்கர் எதுக்குங்க?" என்று கேட்டேன்.

"வயிறு கெட்டா ரெண்டு ரவுண்டு போயிடும் மேடம். பதினஞ்சு வருஷமா இதுதான் என் கூட வருது."

வீட்டைவிட்டு வந்து எத்தனை நாள் என்று கேட்டேன். விரல்விட்டு எண்ணிப் பார்த்து, இரண்டு மாதம் இருக்கும் என்றார். ஒரு போட்டி முடிந்தால் ஊர் திரும்பாமல் அடுத்த போட்டிக்குப் போய்விடுகிறார். தங்க இடம் கொடுத்து அழைக்கிற போட்டிகளாகப் பார்த்துத்தான் போகிறாராம். மற்ற நாட்களில் ஹோட்டல் அறையிலிருந்தே கம்ப்யூட்டரில் பிள்ளைகளுக்குப் பாடம் எடுக்கிறாராம். என் முகத்தைப் பார்த்துச் சிரித்தார்.

"கிராண்ட்மாஸ்டர்னா என்னமோ ஏதோன்னு நெனச்சிருந்தீங்க, இல்ல? பட்டம் வாங்கிட்டா சாகிற வரைக்கும் யாரும் புடுங்க முடியாது. ஆனா பட்டம் வந்து எனக்காக ஆடாது. பத்தொம்பது வயசுல வாங்கினேன். அதுக்கப்புறம் மேல போகல. கீழ போயிடாம புடிச்சுக்கிட்டு இருக்கேன், அவ்வளவுதான்."

அப்போது அவருக்கு முப்பத்தெட்டு வயது. எனக்கும் ஏறக்குறைய அதே வயதுதான்.

போட்டி நடந்தது ஒரு கல்யாண மண்டபத்தில். நாற்காலிகளில் வெள்ளை உறை மாட்டிப் பின்னால் முடிச்சுப் போட்டிருந்தார்கள். முந்தின வாரத்துக் கல்யாணத்துச் சோடனை மேடையில் பாதி அப்படியே இருந்தது. அதற்கு நேர் கீழேதான் முதல் மேசை. அவர் தினமும் அந்த மேசையில்தான் உட்கார்ந்தார். உட்கார்ந்ததும் செருப்பைக் கழற்றி மேசைக்கு அடியில் ஒழுங்காக வைப்பார். முதல் மூன்று ரவுண்டிலும் வென்றார். வென்ற பிறகும் முகத்தில் எந்த மாற்றமும் தெரியாது.

என் வேலை வாசலில். ஆடுகிறவர்களின் போன்களை வாங்கி, மேசை எண் போட்ட உறைகளில் இட்டுப் பெட்டியில் வைக்க வேண்டும். ஆட்டம் நடக்கும்போது யாரிடமாவது போன் இருந்து அது ஒலித்தால் ஆட்டம் போச்சு. காரணம் சொல்ல இடமில்லை. உலகம் முழுக்க அதுதான் விதி.

இரண்டாம் நாள், ஆசிரியர்களுக்கான போட்டியொன்றில் நான் தோற்ற ஆட்டத்தின் நகர்த்தல்கள் எழுதிய தாளை வெட்கத்தோடு அவரிடம் காட்டினேன். ஒரு நிமிடம்கூடப் பார்த்திருக்க மாட்டார், மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அன்று பின்னேரம் கடைத்தெருவில் தயிர் வாங்க இருவரும் போனபோது, பஸ் ஸ்டாண்டைக் கடக்கிற இடத்தில் திடீரென்று, "டீச்சர், பதினேழாவது மூவ்ல குதிரையை ஓரத்துக்குக் கொண்டுபோனீங்க பாருங்க, அங்கதான் போச்சு" என்றார். பிறகு தொடக்கத்திலிருந்து கடைசிவரை என் ஆட்டத்தை ஒப்பித்தார். நடைபாதையில் அப்படியே நின்றுவிட்டேன். நானே அந்த ஆட்டத்தை மறந்திருந்தேன்.

ஒவ்வொரு ரவுண்டும் முடிந்து வெளியே வந்ததும் என்னிடம் போனை வாங்கி அவர் கூப்பிடுவது ஒரே ஒருவரைத்தான். "அண்ணே" என்று தொடங்குவார். மண்டபத்துச் சமையல்கட்டுக்குப் பின்னால் நின்று பத்து நிமிடம் பேசுவார். அண்ணன் ஊரில் லேத் பட்டறை வைத்திருப்பவர். சிறுநீரகம் பழுதாகி, வாரம் மூன்று நாள் இரத்தம் சுத்திகரிக்கப் போகிறவர். முதல் சில மேசைகளின் ஆட்டங்களை இணையத்தில் நேரடியாகப் போட்டுக்கொண்டிருந்தோம். ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்தபடியே அண்ணன் தம்பியின் ஒவ்வொரு நகர்த்தலையும் பார்ப்பாராம்.

"நல்லா ஆடுனா ஒண்ணும் சொல்ல மாட்டான் டீச்சர். தப்பு பண்ணா மட்டும்தான் பேச்சு நீளும்."

நான்காம் நாள் காலை வழக்கம்போல் சட்டையை அயர்ன் பண்ணிப் போட்டு, தலை வாரி, நேரத்துக்கு வந்தார். முந்தின மூன்று நாளும் நான் கேட்பதற்கு முன்பே போனை நீட்டியவர், அன்று "குட் மார்னிங் டீச்சர்" என்று சொல்லிக்கொண்டே உள்ளே போய்விட்டார். ஒன்றாம் எண் உறையை நான் திறந்து பிடித்துக்கொண்டிருந்தேன். கூப்பிட்டிருக்க வேண்டும். பின்னால் வந்த யாராக இருந்தாலும் கூப்பிட்டிருப்பேன். அவரிடம் கேட்கக் கூச்சமாக இருந்தது. அறையிலேயே வைத்துவிட்டு வந்திருப்பார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு உறையை மூடிவிட்டேன்.

பதினொரு மணிக்குக் கொஞ்சம் முன்னால், சத்தமே இல்லாத அந்த மண்டபத்தில் போன் ஒலித்தது. எல்லாத் தலையும் முதல் மேசைப் பக்கம் திரும்பியது. அவர் தன் சட்டைப் பையையே பார்த்துக்கொண்டிருந்தார். கை அசையவில்லை. ஒலி நின்றபாடில்லை. பக்கத்தில் நின்ற நடுவர் நான்தான். போய்க் கை நீட்டினேன். எடுத்துக் கொடுத்தார்.

திரையில் 'அண்ணன்' என்று மின்னிக்கொண்டிருந்தது.

இவர் ஆடிக்கொண்டிருக்கும்போது அண்ணன் எதற்குக் கூப்பிடுகிறார்? நகர்த்தல் சொல்லித்தரவா? அப்படித்தான் ஒரு கணம் நினைத்தேன். அந்த ஒரு கணத்துக்காக இன்றைக்கும் என்னை நானே மன்னிக்கவில்லை.

தலைமை நடுவர் வந்து கடிகாரத்தை நிறுத்தினார். எதிரில் ஆடியவர் இரத்தினபுரிப் பக்கத்துச் சிங்களவர், கேகாலையில் ஒரு வங்கியில் உத்தியோகம். ஐம்பதைத் தாண்டியவர். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு கிராண்ட்மாஸ்டரோடு ஆடிக்கொண்டிருந்தார். எங்கள் மூன்று பேரையும் பக்கத்து அறைக்கு அழைத்துப் போனார் தலைமை நடுவர். மணப்பெண்ணுக்கு உடுத்திவிடுகிற அறை அது. சுவர் முழுக்கக் கண்ணாடி.

சந்தேகம் வந்தால் போனைப் பார்க்க நடுவருக்கு உரிமை இருக்கிறது. கேட்டதும் கிராண்ட்மாஸ்டரே திறந்து கொடுத்தார். செய்திகள் எல்லாம் தமிழில் இருந்ததால் போன் என் கைக்கு வந்தது.

கடைசிச் செய்தி அதிகாலையில் வந்திருந்தது. அண்ணனின் போனிலிருந்து அண்ணி அனுப்பியது. 'அண்ணன் போயிட்டாரு தம்பி. நீ எப்ப வர்ற?' அதற்கு அவருடைய பதில், 'சாயங்கால ஃப்ளைட்.' அதற்கு மேலே, முந்தின நாள் ஆட்டம் முடிந்த பிறகு அண்ணன் எழுதியது இருந்தது. 'முப்பத்தொண்ணாவது மூவ்லயே யானையை எறக்கி இருக்கலாம்டா. பரவால்ல. போய்த் தூங்கு.'

"மொனவத மிஸ் லியலா தியென்னே?" என்ன எழுதியிருக்கிறது என்று தலைமை நடுவர் கேட்டார்.

 சுற்றிலும் கண்ணாடிகளில் என் முகம்தான் தெரிந்தது. கிராண்ட்மாஸ்டர் மட்டும் நிதானமாக இருந்தார். "சொல்லுங்க டீச்சர்" என்றார்.

சிங்களத்தில் அண்ணனை 'அய்யா' என்பார்கள். "எயாகே அய்யா நெதி வெலா" என்று சொன்னேன். அவருடைய அண்ணன் இறந்துவிட்டார். இன்று அதிகாலை. சொல்லிக்கொண்டிருக்கும்போதே எனக்கு இன்னொன்று உறைத்தது. இது தெரிந்துதான் இந்த மனிதர் சட்டையை அயர்ன் பண்ணியிருக்கிறார். இது தெரிந்துதான் எனக்குக் குட் மார்னிங் சொன்னார். இரண்டு மணி நேரமாகத் தாளில் ஒவ்வொரு நகர்த்தலையும் கோணாமல் எழுதிக்கொண்டு உட்கார்ந்திருந்திருக்கிறார்.

வங்கிக்காரர்தான் முதலில் பேசினார். "மட்ட மெஹெம தினன்ன எபா" என்றார். எனக்கு இப்படி வெல்ல வேண்டாம். தாளில் கையெழுத்துப் போட மாட்டேன் என்று கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார். தலைமை நடுவர் நல்ல மனிதர், விதிப் புத்தகத்தை இரண்டு தடவை புரட்டிப் பார்த்தார். ஆனால் விதியில் வழியில்லை.

கிராண்ட்மாஸ்டர் தன் தாளில் தோல்வி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு, வங்கிக்காரரிடம் ஆங்கிலத்தில் சொன்னார், உங்கள் நிலைதான் நன்றாக இருந்தது, தயவுசெய்து போடுங்கள் என்று. வங்கிக்காரர் அழுதுகொண்டே போட்டார். பிறகு கிராண்ட்மாஸ்டர் மண்டபத்துக்குள் திரும்பிப் போய், எல்லோரும் பார்த்திருக்க, காய்களை எல்லாம் அதனதன் இடத்தில் எடுத்து வைத்துவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு வந்தார்.

கூப்பிட்டது அண்ணிதான். அவர் திரும்ப அழைத்தபோது நான் பக்கத்தில் நின்றேன். உடலை ஃப்ரீசர் பெட்டியில் எதுவரை வைத்திருக்கலாம் என்று சொந்தக்காரர்கள் கேட்கிறார்களாம். "நாளைக்குக் காலைல பத்து மணி வரைக்கும் வெச்சிருங்க அண்ணி. வந்திடுறேன்" என்றார்.

ஹோட்டல்காரர்கள் கொடுத்த வேனில் அவரைக் கட்டுநாயக்கா விமான நிலையம் வரை கொண்டுபோய்விடச் சொல்லி என்னையும் அனுப்பினார்கள். மண்டபத்து வாசலைத் தாண்டினதுமே கேட்டுவிட்டேன்.

"ஏன் சார் வந்து வெளையாடுனீங்க? ஒரு வார்த்த சொல்லியிருந்தா நாங்க விட்டிருக்க மாட்டோமா?"

"ஃப்ளைட் சாயங்காலம்தானே டீச்சர். அதுவரைக்கும் எங்க உக்காந்திருக்கிறது? ரூம்லயா? எனக்குப் போர்டு முன்னாடி மட்டும்தான் உக்காரத் தெரியும்." சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு, "போனை சைலண்ட்ல போட்டேன்னுதான் நெனச்சேன்" என்றார்.

வங்கிக்காரரின் நிலை உண்மையிலேயே நன்றாக இருந்ததா என்று கேட்டேன்.

"இல்ல. இன்னும் நாலு மூவ்ல முடிஞ்சிருக்கும். பாவம், அவருக்கு அது தெரியாது. சொல்லிடாதீங்க."

போகிற வழியில் எங்கேயோ, நான் கேட்காமலே அண்ணனைப் பற்றிப் பேசத் தொடங்கினார். இருவரும் ஒரே நாளில் ஆடப் பழகியவர்கள். அண்ணன் மூன்று வயது மூத்தவர், ஆட்டத்தில் தம்பியைவிடக் கெட்டிக்காரர். அப்பாவுக்கு மில் வேலை. ஊர் ஊராகப் போட்டிக்குக் கூட்டிப்போக அவரால் ஒரு பிள்ளைக்குத்தான் லீவு எடுக்க முடியும். அதனால் வீட்டிலேயே இரண்டு பேரையும் ஆடவிட்டுப் பார்த்திருக்கிறார். ஜெயிக்கிறவன் தொடர்ந்து ஆடலாம்.

"நான் ஜெயிச்சேன். மறுவாரம் அவன் பட்டறைக்கு வேலைக்குப் போயிட்டான். எனக்கு செஸ்ஸே புடிக்கலன்னு ஊரெல்லாம் சொன்னான். நானும் நம்பிட்டேன். பட்டம் வாங்கிட்டு ரயில்ல திரும்பி வர்றப்ப, சும்மா பொழுது போகாம பழைய ஆட்டத்தையெல்லாம் மனசுக்குள்ள ஆடிப் பாத்துக்கிட்டு வந்தேன். அந்த ஆட்டமும் வந்துச்சு. இருபத்தி நாலாவது மூவ். அவன் ராணியை வெச்ச எடம். அந்த எடத்துல அவன் தெரியாம வெச்சிருக்கவே முடியாது டீச்சர்."

 "அண்ணன்கிட்ட கேட்டீங்களா சார்?"

"கேக்கல. கேட்டா இல்லம்பான். நானும் அதை நம்புற மாதிரி நடிக்கணும். இத்தனை வருஷம் தெனமும் பேசினோம், எத்தனையோ ஆயிரம் ஆட்டத்தைப் பத்திப் பேசினோம். அந்த ஒரு ஆட்டத்தைப் பத்தி மட்டும் பேசல."

அப்போதுதான் என் போன் விடாமல் அதிரத் தொடங்கியது. எடுத்துப் பார்த்தேன். மண்டபத்தில் பார்க்க வந்த யாரோ எடுத்த படம். அவர் போனை நீட்ட, நான் வாங்குகிறேன். கிராண்ட்மாஸ்டர் கையும் களவுமாகப் பிடிபட்டார் என்று எழுதிப் போட்டிருந்தார்கள். அதற்குக் கீழே தமிழிலும் சிங்களத்திலும் நூற்றுக்கணக்கில் ஏச்சு. கள்ளன் என்றார்கள், வாங்கின பட்டமே இப்படித்தான் வாங்கியிருப்பான் என்றார்கள். செத்து ஒரு நாள்கூட ஆகாத அண்ணன்தான் கூட்டாளி என்று, திரையில் தெரிந்த பெயரைப் பெரிதாக்கி வட்டம் போட்டு ஒருவர் காட்டியிருந்தார். அவருக்குத் தெரியாமல் போனைக் கவிழ்த்து வைத்தேன்.

"போட்டுட்டாங்களா?" என்று கேட்டார். ஜன்னல் பக்கம்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நான் பதில் எழுதுறேன் சார். நடந்தது என்னான்னு எழுதுறேன்."

"வேண்டாம் டீச்சர். அண்ணன் செத்ததை அந்த எடத்துல கொண்டுபோய் எழுதாதீங்க."

விமான நிலையத்தில் அவருடைய விமானம் தாமதம் என்று பலகை காட்டியது. எத்தனை மணிக்கு என்று போடவில்லை. நான் திரும்ப வேண்டியிருந்தது, மறுநாள் கடைசி ரவுண்டு. குக்கரைக் கையில் பிடித்தபடி வரிசையில் போய் நின்றார். அதுதான் அவரைக் கடைசியாகப் பார்த்தது.

மறுநாள் காலை என் அறிக்கையை எழுதினேன். போனை வாங்க வேண்டியவள் நான், கேட்கக் கூச்சப்பட்டுக் கேட்காமல் விட்டேன், செய்திகளைப் படித்தேன், ஆட்டத்தைப் பற்றி வெளியிலிருந்து எந்த உதவியும் வரவில்லை என்று எல்லாவற்றையும் எழுதினேன். தலைமை நடுவர் படித்துவிட்டு, உங்கள் பிழையை நீங்களே ஏன் எழுதுகிறீர்கள் மிஸ், அந்த வரி இல்லாமலும் அறிக்கை நிற்கும் என்றார். நிற்காது என்று எனக்குத் தோன்றியது. அனுப்பினேன். செஸ் சம்மேளனத்தில் விசாரித்து, கிராண்ட்மாஸ்டர்மேல் மோசடிக் குற்றம் எதுவும் இல்லை என்று முடிவு சொன்னார்கள். என்னை ஆறு மாதம் நடுவர் வேலையிலிருந்து நிறுத்தி வைத்தார்கள். முடிவு வந்த செய்தியை யாரும் பகிரவில்லை. அந்தப் படம் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது.

இதற்கிடையில் கிராண்ட்மாஸ்டரோடு இரண்டு தடவை போனில் பேசினேன். முதல் தடவை விசாரணைக்கு என்னென்ன அனுப்ப வேண்டும் என்று கேட்டார். இரண்டாம் தடவை எனக்குக் கிடைத்த தண்டனையைச் சொன்னேன். "எனக்காக ஏன் டீச்சர்" என்று வருத்தப்பட்டார். நானும் என் கதையை நிறையச் சொன்னேன், ஸ்கூலில் பிரின்சிபல் கூப்பிட்டு விசாரித்ததை, அம்மா இரண்டு நாள் பேசாமல் இருந்ததை.

ஏழெட்டு மாதம் கழித்து ஒரு வேலையாகக் கேகாலைக்குப் போனபோது அந்த வங்கிக்காரரைப் பார்த்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து என்னைக் கண்டதும் எழுந்து வெளியே வந்துவிட்டார். வங்கிப் படிக்கட்டில் நின்று சிங்களத்தில் பேசினோம். அதற்குப் பிறகு ஒரு போட்டிக்கும் போகவில்லை என்றார். பிறகு கேட்டார், "மிஸ், அவர் போய்ச் சேர்ந்தாரா? அண்ணனைப் பார்த்தாரா?"

  எனக்குத் தெரியாது. விமானம் தாமதம் என்று என் கண்ணால் பார்த்தவள் நான். பத்து மணி வரை என்று அவர் சொன்னதைக் காதால் கேட்டவளும் நான். இரண்டு தடவை பேசியிருக்கிறேன். ஒரு தடவைகூட அதைக் கேட்கவில்லை. அந்த மனிதரோடு ஒரே ஒரு நாள் ஆடியவருக்கு அது மாதக்கணக்காக மனதில் இருந்திருக்கிறது.

அந்தப் படியிலேயே நின்று கிராண்ட்மாஸ்டரைப் போனில் கூப்பிட்டேன். எடுத்தார். பின்னால் ஏதோ ரயில் நிலைய அறிவிப்பு கேட்டது.

"சார், அன்னைக்கு நீங்க நேரத்துக்குப் போயிட்டீங்களா? அண்ணன பாத்தீங்களா?"

"இல்ல டீச்சர்" என்றார். "ஃப்ளைட் விடியக்காலைலதான் கெளம்புச்சு. அண்ணி பதினொரு மணி வரைக்கும் புடிச்சு வெச்சிருந்தாங்க. பெரியவங்க அதுக்கு மேல ஒத்துக்கல. நான் போய் எறங்கினப்ப மணி பன்னெண்டே கால். நேரா சுடுகாட்டுக்குப் போனேன். பத்த வெச்சிட்டாங்க."

 வங்கிக்காரர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஒண்ணு சொல்லவா டீச்சர்? இத்தனை மாசத்துல இதை யாருமே கேக்கல. எல்லாரும் போனைப் பத்தித்தான் கேட்டாங்க." அறிவிப்பு மறுபடி கேட்டது. "வண்டி வந்திடுச்சு. வெள்ளிக்கிழமை ஒரு டோர்னமெண்ட் ஆரம்பிக்குது. வெச்சிடட்டுமா?"

"சரிங்க சார். பாத்துப் போங்க."

போனை மூடிவிட்டு வங்கிக்காரரிடம் சொன்னேன், அவர் போய்ச் சேரவில்லை, எல்லாம் முடிந்த பிறகுதான் போயிருக்கிறார் என்று. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். இப்போது எங்கே இருக்கிறார் என்று கேட்டார். ஆடப் போகிறார் என்றேன்.

"இன்னுமா?" என்றார் வங்கிக்காரர்.